மலையேறிய படப்பெட்டி

(பதுளையில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

'உலக சினிமாவும் ஊவா மலையகமும்' என்று அழைப்பிதழில் பெரிதாகத் தலைப்புப் போட்டுவிட்டார்கள். அவ்வளவு பெரிய சுமையை என் தோள் தாங்காது. நான் பேச வந்தது ஒரு தகரப் பெட்டியைப் பற்றி. அதை அனுப்பியவர் யார், எதற்காக அனுப்பினார், அனுப்பாமல் விட்டபோது நமக்கு எது கிடைக்காமல் போனது, இவ்வளவுதான்.

எங்கள் சித்தப்பா பதுளை டவுனில் ஒரு தியேட்டரில் ஒப்பரேட்டருக்குக் கையாளாக இருந்தார். தியேட்டரின் பெயர் வேண்டாம், இன்னும் கொஞ்ச நேரத்தில் அதைப் பற்றிக் குறை சொல்லப் போகிறேன். படம் மாறுகிற நாளில் ஸ்டேஷனுக்குப் போய்ப் பெட்டி எடுத்து வருவது அவர் வேலை. பள்ளிக்கூடம் இல்லாத நாளென்றால் நானும் தொற்றிக்கொள்வேன். இரவுக் கோச்சி கொழும்பிலிருந்து விடிய விடிய மலையேறி, தெமோதரையில் தன்னைத் தானே ஒரு சுற்றுச் சுற்றி இறங்கி, பதுளையில் வந்து மூச்சு வாங்கும். 1924இல் வந்து சேர்ந்த தண்டவாளம் இங்கேயே முடிகிறது. அதற்கு மேல் போக வழி கிடையாது.

படத்துக்கும் அப்படித்தான். அந்தப் பெட்டியின் மூடியில் ஊர்ப் பெயர் எழுதிய தாள்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டியிருக்கும். சித்தப்பா சுருட்டுப் பற்றவைக்கிற நேரத்தில் நான் நகத்தால் சுரண்டிப் பார்ப்பேன். பதுளைக்குக் கீழே பண்டாரவளை. அதற்குக் கீழே ஹட்டன். அதற்குக் கீழே கண்டி. கடைசித் தாள் கொழும்பு, பாதி கிழிந்து பசை காய்ந்துபோய் இருக்கும். இத்தனை ஊர் கண்பட்டு, இத்தனை மெஷினில் பல்லுப்பட்டு, கடைசியில்தான் படம் எங்களிடம் வரும். திரையில் எம்.ஜி.ஆர். நல்ல வெயிலில் நிற்பார், அவர்மேல் கோடு கோடாக மழை பெய்யும். அந்தக் கீறலை நாங்கள் மழை என்றுதான் சொல்வோம். படம் எப்படி என்று கேட்டால், "படம் நல்லம், மழை கொஞ்சம் கூட" என்பது எங்கள் விமர்சனம்.

ஒரு நிமிடப் படத்துக்குத் தொண்ணூறு அடிச் சுருள் ஓட வேண்டும். அந்தக் காலத்துத் தமிழ்ப் படம் பதினையாயிரம் அடிக்குக் குறையாது. அறுந்த இடத்தை ஒட்டும்போது ஒப்பரேட்டர் இரண்டு மூன்று கட்டங்களை வெட்டி எறிவார். அந்தத் துண்டுகள் எங்கள் செல்வம். ஃபியூஸ் போன பல்பின் வாயை உடைத்துத் தண்ணீர் நிரப்பி, முகம் பார்க்கிற கண்ணாடியால் வெயிலை எங்கள் தோட்டத்து லயக் காம்பராவுக்குள் திருப்பி, இரண்டுக்கும் நடுவில் துண்டைப் பிடித்தால் சுவரில் சரோஜாதேவி தெரிவார். துண்டைத் தலைகீழாகப் பிடித்தால்தான் சுவரில் நேராகத் தெரியும் என்பது நான் கற்ற முதல் பௌதிகப் பாடம்.

இப்போது அந்தக் குறை. ஒரு தடவை எங்கள் தியேட்டரில் நான்காம் ரீலுக்கு முன்னால் ஐந்தாம் ரீலை ஓட்டிவிட்டார்கள். நாயகியின் அப்பா செத்து, காரியம் முடிந்து, படத்துக்கு மாலை போட்டாகிவிட்டது. பத்து நிமிடம் கழித்து மனிதர் சோபாவில் உட்கார்ந்து பேப்பர் படிக்கிறார். யாரும் கத்தவில்லை. எனக்குப் பக்கத்தில் இருந்த ஒரு பெரியவர் மட்டும், "கொழும்புல இப்படித்தான் எடுத்திருப்பாங்க போல" என்றார். அனுப்பியதை அப்படியே வாங்கிக்கொள்வது, கேள்வி கேட்காமல் இருப்பது. ரேஷன் அரிசிக்குப் பழகிய மாதிரி படத்துக்கும் பழகிவிட்டோம்.

அனுப்பியது யார் என்ற கேள்வி எனக்கு நாற்பது வயதுக்குமேல்தான் வந்தது. நடித்தவரைத் தெரியும், பாடியவரைத் தெரியும், பாட்டெழுதியவர் யாரென்று லயத்து முற்றத்தில் சண்டையே நடக்கும். விநியோகஸ்தரை யாருக்கும் தெரியாது.

இந்த நாட்டில் முதல் சலனப்படம் 1901இல் ஆளுநர் வெஸ்ட் ரிட்ஜ்வேக்கும் போயர் யுத்தக் கைதிகளுக்கும் காட்டப்பட்டது என்று சினிமா வரலாறு எழுதுகிறவர்கள் எழுதுகிறார்கள். அதில் பிரித்தானியரின் போயர் யுத்த வெற்றியும் விக்டோரியா மகாராணியின் இறுதி ஊர்வலமும் எட்வர்ட் மன்னரின் முடிசூட்டும் இருந்தனவாம். முடிசூட்டு நடந்ததே 1902 ஆகஸ்டில், ஆகவே அந்தக் கதையில் எங்கேயோ ஒரு ரீல் மாறியிருக்கிறது. அது கிடக்கட்டும். தென்னாபிரிக்காவில் பிடிபட்ட போயர்களை 1900இலிருந்து அடைத்து வைத்திருந்த பெரிய முகாம், இங்கிருந்து கூப்பிடு தூரத்தில், தியத்தலாவையில் இருந்தது. தோற்றவனுக்கு, அவன் தோற்றதையே படமாகக் காட்டுவது. சினிமா இந்தத் தீவுக்கு வந்த இலட்சணம் அது.

அடுத்து 1934. தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் பசில் ரைட் என்ற வெள்ளைக்காரர் 'சோங் ஒஃப் சிலோன்' என்ற ஆவணப்படத்தை எடுத்தார். தயாரிப்பு ஜோன் கிரியர்சன், பின்னணிக் குரல் நம் நாட்டுப் புகைப்படக் கலைஞர் லயனல் வென்ட். அடுத்த வருடம் பிரசல்ஸில் பரிசு வாங்கியது. இன்றைக்கும் உலகத்துச் சினிமாக் கல்லூரிகளில் அதைப் போட்டுக் காட்டுகிறார்கள், காட்ட வேண்டிய படம்தான். தேயிலையும் தென்னையும் திரையில் போய்க்கொண்டிருக்க, பின்னால் சந்தை விலைகளையும் கப்பல் விவரங்களையும் குரல்கள் ஒப்பித்துக்கொண்டிருக்கும். நான் அதை முதலில் பார்த்தபோது எனக்கு அறுபது வயது. கொழுந்து பறிக்கிற பெண்களின் முகம் லண்டனுக்குப் போய்விட்டது. அந்தப் பெட்டி எங்கள் தோட்டத்துப் பெரட்டுக்களத்துக்குத் திரும்பி வந்ததாக எந்தக் கிழவியும் எனக்குச் சொன்னதில்லை.

சரி, அனுப்பியவர்களுக்கு வருவோம். 1928இல் சிற்றம்பலம் கார்டினர் சிலோன் தியேட்டர்ஸ் கம்பெனியை ஆரம்பித்தார். கொழும்பில் ரீகல் தியேட்டர் இருக்கிற தெருவே இன்றைக்கு அவர் பெயரில்தான் இருக்கிறது. பின்னால் கே. குணரத்தினத்தின் சினிமாஸ் லிமிடெட் வந்தது. சிலோன் என்டர்டெயின்மென்ட்ஸ் என்று இன்னொன்று. மூன்று கம்பெனிகள். படத்தை வெளியிலிருந்து இறக்குவதும் அவர்கள், தியேட்டருக்குக் கொடுப்பதும் அவர்கள், பெரிய ஊர்களில் தியேட்டரே அவர்களுடையது. கிணறும் வாளியும் கயிறும் ஒரே வீட்டில்.

இதைச் சொன்னவுடன் நம் ஆட்கள் முதலாளித்துவம் என்று ஒரு சொல்லோடு முடித்துவிடுவார்கள். அவ்வளவு சுலபமாக முடியாது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' 1956இல் வந்தது. கான் விழா வரைக்கும் போனது, உள்ளூரில் காசு பார்க்கவில்லை. அடுத்த நான்கு வருடம் அவருக்குப் படம் இல்லை. 1960இல் 'சந்தேசய' எடுக்கப் பணம் போட்டவர் யாரென்று நினைக்கிறீர்கள்? தமிழ்ப் படம் இறக்கி விற்ற குணரத்தினம். அதே லெஸ்டரின் 'கொளு ஹதவத' 1968இல் வந்தது சிலோன் தியேட்டர்ஸ் தயாரிப்பில். சிங்களக் கலைச் சினிமா வளர்ந்த கதையில், தமிழர் தொடங்கிய இரண்டு விநியோகக் கம்பெனிகளுக்குப் பங்கு உண்டு. பெட்டி விற்ற காசில் ஒரு பங்கு நல்ல படத்துக்குப் போயிருக்கிறது. அந்தக் காசில் மலைநாட்டான் டிக்கட் எடுத்த சில்லறையும் இருந்தது என்பதை யாரும் எழுதவில்லை, நான் சொல்லிவைக்கிறேன்.

1971ஆம் ஆண்டின் 47ஆம் இலக்கச் சட்டத்தால் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் உண்டாயிற்று. 1972இலிருந்து படம் இறக்குவதும் விநியோகிப்பதும் அரசாங்கத்தின் கையில். மூன்று கம்பெனியின் பிடி தளர்ந்தது நல்லது. உள்ளூர்ப் படத்துக்குத் திரை கிடைத்தது அதைவிட நல்லது. ஆனால் பதுளைப் பெட்டியின் மூடியில் அனுப்புநர் பெயர் மாறியதே தவிர, தாள்களின் வரிசை மாறவில்லை. கொழும்பு, கண்டி, ஹட்டன், பண்டாரவளை, கடைசியில் நாம். உங்களுக்கு எந்தப் படம் வேண்டும் என்று முன்பும் யாரும் கேட்கவில்லை, பிறகும் யாரும் கேட்கவில்லை.

இதற்கு நடுவில் ஒரே ஒருவர் கேட்காமலே கொண்டு வந்தார். தொழிற்சங்கவாதி வி.பி. கணேசன். அவர் தயாரித்து நடித்த 'புதிய காற்று' 1975இல் வந்தது. கதை வசனம் தெளிவத்தை ஜோசப். ஹாலிஎலப் பக்கம் ஊவாக்கட்டவளைத் தோட்டத்தில் 1934இல் பிறந்தவர், நம் பதுளை மண். 'சோங் ஒஃப் சிலோன்' வந்த அதே வருடம் பிறந்திருக்கிறார் பாருங்கள், இதை நான் திட்டமிட்டுச் சொல்லவில்லை. கணேசன் பிறகு 'நான் உங்கள் தோழன்' எடுத்தார், 1981இல் 'நாடு போற்ற வாழ்க' எடுத்தார்.

'புதிய காற்று' பார்க்க எங்கள் லயத்திலிருந்து பதினாறு பேர் போனோம். என் அப்பாயியும் வந்தார். அதுவரைக்கும் அவர் பார்த்த படங்களில் வீடு என்றால் மாடிப்படி இருக்கும், டெலிபோன் இருக்கும். அன்றைக்குத் திரையில் தேயிலை மலை வந்ததும், என் தொடையில் ஓங்கி அடித்து, "டேய், இது நம்ம மலைடா" என்றார். எங்கே எடுத்ததோ எனக்குத் தெரியாது, அவருக்கும் தெரியாது. வீட்டுக்கு வரும் வழியெல்லாம் படத்தின் கதையை விட்டுவிட்டு, கொழுந்துக் கூடையை அந்தப் பொம்பளை கட்டியிருந்த விதம் சரியா பிழையா என்றுதான் பேசினார். கண்டிப்பான விமர்சகர். மதராசில் எடுத்த ஐந்நூறு படத்தில் ஒரு காட்சியைக்கூட அவர் அப்படிப் பிழை பிடித்ததில்லை. பிழை பிடிக்க, தனக்குத் தெரிந்த ஒரு சங்கதி திரையில் இருக்க வேண்டுமே.

1983 ஜூலை இனக்கலவரத்தில் ஹெந்தளையில் இருந்த குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோவை எரித்தார்கள். படச் சுருள்கள் அடுக்கி வைத்த இடம் எரிந்தால் கம்பெனி மட்டும் எரியாது. 1989இல் கொழும்பில் குணரத்தினத்தைச் சுட்டுக் கொன்றார்கள். பதுளை டவுனும் அந்த 83இல் எரிந்தது, அதை இந்த மண்டபத்தில் இருக்கிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அதன் பிறகு தீபாவளிக்கு டிவியும் வீடியோ டெக்கும் வாடகைக்கு எடுத்து, விடிய விடிய நான்கு படம் போடுகிற காலம் வந்தது. கொட்டாவி விட்டுக்கொண்டே மூன்றாவது படத்தைப் பார்த்தவர்கள் இங்கே நிறையப் பேர் இருப்பீர்கள்.

இனி என் சொந்தக் கதை. கொஞ்ச வருடத்துக்கு முன்னால், என் மகளும் மருமகனும் நானும் ஒரு புரொஜெக்டரை முச்சக்கர வண்டியில் ஏற்றிக்கொண்டு தோட்டம் தோட்டமாகப் போய்ப் படம் போட ஆரம்பித்தோம். கோவில் முற்றம், பெரட்டுக்களம், மழை வந்தால் பிள்ளைக் காம்பரா. முதல் படமாகப் போட்டது 'பைசிக்கிள் தீவ்ஸ்', 1948இல் டி சிக்கா எடுத்த இத்தாலியப் படம். வேலைக்குச் சைக்கிள் வேண்டும், சைக்கிள் அடகில் இருக்கிறது. அதை மீட்க, மனைவி கட்டிலில் விரித்திருக்கிற துணிகளை உருவி மூட்டை கட்டி அடகுக் கடைக்குக் கொண்டு போகிறாள். கடைக்காரன் மூட்டையை வாங்கி உள்ளே கொடுக்கிறான். உள்ளே ஒருவன் அதைத் தூக்கிக்கொண்டு அலுமாரித் தட்டில் ஏறுகிறான். ஏறுகிறான், ஏறிக்கொண்டே இருக்கிறான். காமிரா அவனோடு மேலே போகிறது. கூரை வரைக்கும் மூட்டைகள், எல்லாம் யாரோ வீட்டுப் படுக்கை விரிப்பு.

மடுல்சீமைப் பக்கம் ஒரு தோட்டத்தில், அந்த இடத்தில் சனம் அப்படியே அடங்கிப்போனது. இருட்டில் ஒரு பெண் குரல் கேட்டது: "அம்புட்டும் நம்மள மாதிரி ஆளுக சாமான்தான்." வேறு யாரும் ஒன்றும் பேசவில்லை. நான் பல்கலைக்கழகக் கருத்தரங்குகளில் அந்தப் படத்தைப் பற்றி நாலைந்து கட்டுரை கேட்டிருக்கிறேன், நவயதார்த்தவாதம், போருக்குப் பிந்திய ரோமாபுரி என்றெல்லாம். அந்தக் காட்சிக்கு இதைவிடச் சரியான உரை நான் கேட்டதில்லை. தோட்டத்துச் சனத்துக்கு இந்தப் படமெல்லாம் விளங்காது என்று சொல்கிறவர்கள் கொழும்பில் இருக்கிறார்கள், பதுளையிலும் இருக்கிறார்கள். விளங்காமல் இருப்பதற்குக்கூட முதலில் பெட்டி வந்திருக்க வேண்டும்.

ஒரு குற்றத்தையும் இந்த மேடையிலேயே ஒப்புக்கொள்கிறேன். அந்தப் படத்துக்கு நாங்கள் உரிமை வாங்கவில்லை. யாரிடம் கேட்பது என்றே தெரியாது. விநியோகஸ்தர் என்று ஒருவர் இருப்பதன் முதல் பயன் அதுதான். கேட்பதற்கு ஒரு கதவு, கதவுக்குப் பின்னால் ஓர் ஆள்.

இரண்டாவது பயன் தமிழ் வரிகள். சப்டைட்டில் என்கிறோமே, அது. ஆங்கில வரி ஓடுகிற பிறநாட்டுப் படத்தைத் தோட்டத்தில் போடுவது, குடத்தைக் கொடுத்துவிட்டுக் கிணற்றுக்கு வேலி கட்டுகிற வேலை. 'பைசிக்கிள் தீவ்ஸ்' படத்துக்கு என் மகள் உட்கார்ந்து தமிழ் வரி போட்டாள். ஒரு படத்துக்கு ஆயிரம் வரி வரைக்கும் போகும். வரி திரையில் நிற்கிற நேரம் இரண்டு செக்கன், மூன்று செக்கன். தமிழ்ச் சொல் நீளமானது. 'சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார்கள்' என்று ஒரு சொல் போட்டால், வாசிப்பவர் பாதி தாண்டுவதற்குள் திரையில் ஆள் பேசி முடித்துக் கதவைச் சாத்திவிட்டுப் போய்விடுவான். ஆகவே முதலில் அவள் எழுதிய பாடப்புத்தகத் தமிழை எல்லாம் வெட்டினோம். 'நான் அவ்வாறு கூறவில்லை' என்பது 'நான் அப்படிச் சொல்லல' ஆயிற்று. அடுத்த பிரச்சினை, ரோமாபுரிக் கூலிக்காரன் எந்தத் தமிழில் பேசுவது? மதுரையா, யாழ்ப்பாணமா? "அவன் நம்மள மாதிரிதானே, நம்ம பேச்சே பேசட்டும்" என்றார் மருமகன். மகளுக்குப் பிடிக்கவில்லை, லயத்துப் பேச்சை எழுத்தில் பார்த்தால் சனம் தங்களைக் கேலி செய்வதாக நினைக்கும் என்றாள். இரண்டு நாள் வீட்டில் சோறு சண்டையோடுதான் வெந்தது. கடைசியில் கோபம் வருகிற இடங்களில் மட்டும் நம்ம பேச்சு, மற்ற இடத்தில் எல்லோருக்கும் பொதுவான பேச்சு என்று தீர்ப்பாயிற்று. எழுத்துக் கூட்டிப் படிக்கிற பெரியவர்களுக்காக, பக்கத்தில் உட்கார்ந்து பிள்ளைகள் சத்தமாக வாசித்தார்கள். அதையும் யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. ஒரு பிள்ளை ஆரம்பித்தது, பிறகு களம் முழுக்கப் பத்துப் பன்னிரண்டு குரல். டி சிக்கா கேட்டிருந்தால் என்ன சொல்வாரோ, எனக்குப் பழைய பேசாப்படத்து விளக்கக்காரர்களின் ஞாபகம் வந்தது.

இந்த வேலையை ஏன் குடும்பமாகச் செய்கிறீர்கள், ஒரு சங்கமாகப் பதியலாமே என்று கேட்கிறார்கள். அதற்கு இரண்டு வெளியூர்க் கதை சொல்கிறேன்.

நியூயோர்க்கில் டான் டால்பட், டோபி டால்பட் என்று ஒரு தம்பதி. 1960இலிருந்து ஒரு தியேட்டர் நடத்தினார்கள். பெர்தொலூச்சியின் ஒரு படத்தைத் தங்கள் திரையில் போட ஆசைப்பட்டு, அமெரிக்காவில் அதைக் கொண்டுவர ஆளில்லாததால் தாங்களே இறக்கினார்கள். 1965இல் நியூயோர்க்கர் ஃபிலிம்ஸ் என்ற விநியோகக் கம்பெனி அப்படிப் பிறந்தது. கோதார், ஃபாஸ்பிண்டர், செனகல் நாட்டு செம்பேன் உஸ்மான் என்று அமெரிக்காவுக்கு அவர்கள் இறக்கிய பெட்டிகள் கொஞ்சமல்ல. யூதப் படுகொலை பற்றிய 'ஷோவா', ஒன்பது மணி நேரத்துக்குமேல் ஓடுகிற படம், அதையும் அவர்கள்தான் கொண்டு போனார்கள். நாற்பது வருடம் போல நடந்த பிறகு கம்பெனி வேறொரு நிறுவனத்தின் கைக்குப் போனது. அந்த நிறுவனம் இந்தப் படச் சேகரத்தை ஈடாக வைத்துக் கடன் வாங்கியது. கடன் கட்ட முடியவில்லை. 2009இல் கடைக்குப் பூட்டு. பிறகு வேறு கைக்கு மாறி மறுபடி திறந்தார்கள் என்றாலும், அந்தச் செய்தியைப் படித்த அன்று என் கண்முன்னால் வந்தது டி சிக்காவின் அடகுக் கடைதான். கூரை வரைக்கும் மூட்டை, அதன்மேல் இன்னொரு மூட்டை.

இரண்டாவது கதை மைல்ஸ்டோன். அதுவும் தம்பதிதான், ஏமி ஹெல்லர், டெனிஸ் டோரோஸ். 1990இல் வீட்டிலிருந்தே ஆரம்பித்தார்கள். சார்ல்ஸ் பர்னட் என்ற கறுப்பின மாணவர் 1970களில் படிப்புக்காக எடுத்த 'கில்லர் ஒஃப் ஷீப்', லொஸ் ஏஞ்சலிஸில் ஆடு அறுக்கிற தொழிற்சாலையில் வேலை செய்கிற ஒருவனின் வீடு பற்றிய படம். பத்தாயிரம் டொலருக்குள் எடுத்தது. பார்த்தவர்கள் எல்லோரும் புகழ்ந்தார்கள், ஆனால் தியேட்டருக்கு வரவில்லை. காரணம், பர்னட் தனக்குப் பிடித்த பாட்டையெல்லாம் பின்னணியில் போட்டிருந்தார், உரிமை வாங்கவில்லை. எங்களை மாதிரி ஆள். மைல்ஸ்டோன்காரர்கள் ஒவ்வொரு பாட்டுக்காரரின் கதவாகத் தட்டினார்கள். உரிமைக்கு மட்டும் ஒன்றரை இலட்சம் டொலர் ஆயிற்று, படம் எடுத்த காசைப் போலப் பதினைந்து மடங்கு. 2007இல், எடுத்து முப்பது வருடம் கழித்து, படம் தியேட்டருக்கு வந்தது.

ஒரு பெரிய கம்பெனியில் இதைச் செய்ய முடியுமா? மேசைக்கு அந்தப் பக்கம் கணக்காளர் இருப்பார். இந்தப் படம் ஆறு வருடமாகக் காசை விழுங்குகிறது, எழுதித் தள்ளு என்பார். குடும்பத்தில் அந்தக் கேள்வி வராது என்று நினைக்காதீர்கள், வரும், இராத்திரிச் சாப்பாட்டில் வரும். ஆனால் கேட்கிறவரும் அந்தப் படத்தைப் பார்த்து அழுதவராக இருப்பார். என் கட்சி இதுதான்: நல்ல படத்தை ஓர் ஊருக்குக் கொண்டு வருவது விற்பனை வேலை மாதிரித் தெரிகிறது, உண்மையில் அது பிள்ளை வளர்க்கிற மாதிரி நீண்ட வேலை. அவ்வளவு காலம் பொறுக்கிற தைரியம் சம்பளக்காரனுக்கு இருக்காது, அது அவன் பிழையும் இல்லை.

குடும்பம் என்றால் எல்லாம் சுத்தம் என்றும் சொல்ல வரவில்லை. அப்பா கட்டியதை மகன் விற்றுவிடுகிற கதை நம் ஊர் மெயின் வீதியிலேயே நிறையக் கிடைக்கும். குடும்பத்துக்குப் பிடிக்காத படம் பெட்டிக்குள்ளேயே ஏறாது என்பது இன்னொரு ஆபத்து. எனக்குப் பேய்ப் படம் பிடிக்காது, ஆகவே ஊவாவில் எங்கள் பெட்டியில் பேய் கிடையாது. இது நியாயமா என்று என் பேத்தி கேட்கிறாள்.

குடும்பம் இல்லாமலும் நடந்திருக்கிறது. தமிழில் 'அக்ரகாரத்தில் கழுதை' எடுத்த ஜோன் ஆபிரகாம், கேரளத்தில் 1984இல் ஒடேசா என்ற கூட்டத்தைச் சேர்த்தார். ஊர் ஊராகப் போய் சாப்ளின் படம் போட்டு, சனத்திடம் ஒரு ரூபாய் இரண்டு ரூபாய் வாங்கி 'அம்ம அறியான்' எடுத்தார்கள், 1986இல். எடுத்த படத்தை விற்கவில்லை, மறுபடி அதே ஊர்களுக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். பணம் போட்டவனே பார்வையாளன். என் மனதில் அந்த ஏற்பாட்டுக்கு ஒரு பெரிய மரியாதை உண்டு. மலையகத்தில் அதை முயன்றால் முதல் மாதமே மூன்று தொழிற்சங்கமும் இரண்டு கட்சியும் புரொஜெக்டருக்குக் கொடி கட்டிவிடும் என்ற பயமும் உண்டு.

இப்போது பெட்டியே இல்லை. படம் ஒரு சின்னத் தட்டில் வருகிறது, அதைத் திறக்க ஒரு சாவி எண் தனியாக வருகிறது, குறித்த நாள் கழிந்தால் சாவி செத்துவிடும். மழை கிடையாது, ரீல் மாறாது. கூட்டுத்தாபனத்தின் ஏகபோகம் முடிந்து இருபது வருடத்துக்கு மேலாகிறது. பிரசன்ன விதானகே 2022ஆம் ஆண்டு பொருளாதார நெருக்கடியைப் பின்னணியாக வைத்து, நம் மலைநாட்டில், திருட்டுக் குற்றம் சுமத்தப்படுகிற தோட்டத்துத் தமிழர்களையும் உள்ளே வைத்து, 'பாரடைஸ்' எடுத்தார், 2023இல் பூசான் விழாவில் பரிசு வாங்கியது. பூசானுக்குப் போவதற்குப் படத்துக்கு வழி தெரிகிறது. நம் லுணுகலைக்குப் போவதற்கு யாராவது கூட்டிக்கொண்டு போக வேண்டியிருக்கிறது. அதனால்தான் பெட்டி இல்லாத காலத்திலும் நான் பெட்டியைப் பற்றிப் பேசுகிறேன்.

கணக்கையும் சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் இதில் இலாபம் என்று நினைத்து எங்களுக்குப் போட்டியாக வந்துவிடக் கூடாது. சென்ற மாதம் நமுனுகுலைப் பக்கம் ஒரு தோட்டத்தில் படம் போட்டோம். முச்சக்கர வண்டிக்குப் பெற்றோல், இடையில் கரண்ட் போனதால் ஜெனரேட்டருக்கு டீசல், திரைக்குக் கயிறு. திரை என்றால் என் மனைவியின் இரண்டு வெள்ளைப் படுக்கை விரிப்பைச் சேர்த்துத் தைத்தது, அது இதுவரைக்கும் அடகுக் கடைக்குப் போகவில்லை. கோவில் கமிட்டி தலைவர் தேத்தண்ணியும் ரொட்டியும் கொடுத்தார். உண்டியலில் விழுந்த காசு டீசலுக்குச் சரியாகப் போனது. ஒலிபெருக்கி வாடகை மட்டும் இன்னும் பாக்கி.

அதன் சொந்தக்காரர் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். நான் பேச எழுந்ததிலிருந்து என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறார். கூட்டம் முடிந்ததும் போய்விடாதீர்கள் அண்ணே, கொண்டு வந்திருக்கிறேன்.